என் வீட்டுக்காரர் முதலில் நாவலில் இறந்தார்

தொண்ணூறுகளின் நடுவில் எங்கள் வீட்டு மாடிக்கு ஒரு பேங்க் ஆபீசர் குடிவந்தார். கோவில்பட்டிக்கு மாற்றலாகி வருகிற எல்லோரும் கேட்கும் முதல் கேள்வியை அவரும் கேட்டார்.

"தண்ணி எப்படி?"

வாரத்துக்கு ஒருமுறை குழாயில் வரும், மற்ற நாளில் லாரியை நம்ப வேண்டியதுதான் என்றேன். வழக்கமாக இந்த இடத்தில் முகம் சுருங்கும். அவருக்குச் சுருங்கவில்லை. "நேத்து வீடு பார்க்க வந்தப்போ கீழே வயலின் சத்தம் கேட்டுதே" என்றார். நான்தான் வாசித்தேன் என்றேன். மிருதங்கம் யார் என்றார். என் வீட்டுக்காரர் என்றேன். "ரெண்டு பேரும் ஒரே வீட்டிலயா" என்று கேட்டுவிட்டு அப்படியே நின்றார். புருஷன் பெண்டாட்டி வேறு எங்கே இருப்பார்கள் என்று எனக்குத் தோன்றியது. இவர் பேங்க் வேலையை மனசில்லாமல் பார்க்கிறவர் என்று அப்போதே பட்டது.

நான் அப்போது ஒரு பெண்கள் பள்ளிக்கூடத்தில் பாட்டு டீச்சர். கால அட்டவணையில் எனக்கும் கட்டங்கள் உண்டு. பரீட்சை நெருங்கினால் கணக்கு டீச்சர் வந்து வாசலில் நிற்பார். நான் எழுந்து வெளியே போவேன். நான் விட்டுக்கொடுத்த பீரியடுகளால் எத்தனையோ பிள்ளைகள் கணக்கில் தேறியிருப்பார்கள். அதுவும் ஒருவகையில் கலைத்தொண்டுதான்.

என் வீட்டுக்காரர் ஒரு தீப்பெட்டி ஆபீசில் கணக்கெழுதினார். முதலாளிக்குச் சங்கீதம் பிடிக்கும். தன் ஆபீசில் ஒரு மிருதங்க வித்வான் வேலை பார்க்கிறார் என்று சொல்லிக்கொள்வது அதைவிடப் பிடிக்கும். அதனால் கச்சேரி என்றால் லீவு கிடைத்துவிடும். திருநெல்வேலியில் இருந்து ஒரு வயதான பாடகர் வருவார். அவருக்கு நாங்கள் இருவரும் பக்கவாத்தியம். கோவில் கொடைத் திருவிழாக்கள் உண்டு. பெரும்பாலும் கல்யாண வரவேற்புகள். கடைக்காரர், ஆலைக்காரர் வீட்டுக் கல்யாணங்களில் முதல் ஒரு மணி நேரம் கர்நாடகக் கச்சேரி வைப்பது கௌரவம். அதன்பிறகு மெல்லிசைக் குழு வரும், ஜனங்களும் வருவார்கள்.

எங்கள் கல்யாணம் காதல் கல்யாணம் இல்லை. அவர் எனக்கு அத்தை மகன். ஒரே வீட்டில் வயலினும் மிருதங்கமும் இருந்தால் கச்சேரிக்கு ஆள் தேடி அலைய வேண்டாம் என்று பெரியவர்கள் யோசித்து முடித்தது.

ஆபீசர் குடிவந்தபோது நானும் என் வீட்டுக்காரரும் பேசிக்கொள்வதில்லை.

காரணம் சாத்தூரில் நடந்த ஒரு வரவேற்பு. கச்சேரியில் தனி என்று ஒரு கட்டம் உண்டு. பாட்டும் வயலினும் நின்றுகொள்ள, மிருதங்கம் மட்டும் தன் வித்தையைக் காட்டும். கடைசியில் ஒரு நீண்ட கோர்வையைச் சுழற்றி வைத்து முடித்தால், பாடகர் விட்ட வரியை எடுத்துப் பாடுவார். என் வீட்டுக்காரருக்குத் தனி என்றால் உயிர். ஆரம்பித்துவிட்டால் முடிக்க மனசு வராது. அன்றைக்குப் பந்தி காத்திருக்கிறது என்று பெண் வீட்டார் திரும்பத் திரும்ப ஆள் அனுப்பினார்கள். பாடகர் என்னைப் பார்த்துக் கண்ணைக் காட்டினார். நான் வில்லை எடுத்து அந்த வரியை வாசித்தேன். அவருடைய கோர்வை பாதியில் நின்றுபோனது.

திரும்பி வரும்போது பஸ் ஜன்னலைப் பார்த்து, "கெட்டின பொண்டாட்டியே தனியை வெட்டினா வேற யாரைச் சொல்ல" என்றார். அதோடு பேச்சு நின்றது. பாடகர் மேல் அவருக்குக் கோபமில்லை. அடுத்த கச்சேரிக்குப் பாடகர் கூப்பிட வேண்டுமே. நான் எப்படியும் வருவேன்.

எங்களுக்கு ஒரே மகள். ஒன்பதாவது படித்துக்கொண்டிருந்தாள். பேச்சுவார்த்தை எல்லாம் அவள் வழியாக நடந்தது.

"அப்பாட்ட சோறு ஆறுதுன்னு சொல்லு."

"அம்மாட்ட, எனக்குக் கண்ணு தெரியுதுன்னு சொல்லு."

மூன்று பேரும் ஒரே அறையில்தான் உட்கார்ந்திருப்போம். மகள் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு, "ரெண்டு பேருக்கும் காது கேக்குதுல்லா" என்பாள்.

ஆனால் சாதகம் நிற்கவில்லை. ஒத்துக்கொண்ட கச்சேரிகள் இருந்தன. சாயங்காலம் விளக்கேற்றியதும் அவர் வந்து உட்கார்ந்து மிருதங்கத்தைத் தட்டிப் பார்ப்பார். நான் வயலினை எடுப்பேன். என்னைத் திணறடிக்க வேண்டும் என்று அவர் தாளத்தின் வேகத்தைக் கூட்டுவார். நான் பிடித்து இழுப்பேன். முடிந்ததும் அவர் எழுந்து வெளியே போவார், நான் அடுப்படிக்குப் போவேன். ஒரு வார்த்தை கிடையாது. சண்டையை இவ்வளவு சுருதி சுத்தமாகப் போட்டவர்கள் எங்கள் தெருவில் வேறு யாரும் இல்லை.

ஆபீசர் மாடிப்படியில் உட்கார்ந்து இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார்.

ஒருநாள் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பும்போது ஒரு வாரப் பத்திரிகையைக் கொண்டுவந்து கொடுத்தார். "டீச்சர், தொடர்கதை ஆரம்பிச்சிருக்கேன். வேற பேர்ல எழுதறேன். சங்கீதக்காரங்க கதை. படிச்சுட்டுச் சொல்லுங்க" என்றார். பல் தெரியச் சிரிக்கிற மனிதர், அன்றைக்குத் தலையைக் குனிந்துகொண்டு சொன்னார்.

காவிரிக்கரையில் ஒரு பழைய வீடு. அதில் வயலின் வாசிக்கிற ஒருத்தி. மிருதங்கம் வாசிக்கிற ஒருவன். இரண்டு பேருக்கும் ஒருவர் மேல் ஒருவருக்கு உயிர். ஆனால் ஒரு வார்த்தை பேசிக்கொள்வதில்லை. பேச வேண்டியதை எல்லாம் தந்தியிலும் தோலிலும் பேசிவிடுகிறார்கள். விடியலில் அவள் ஆற்றில் முங்கி எழுந்து ஈரத்தலையோடு வில்லை எடுக்கிறாள். நான் அதைப் படித்த வாரம் எங்கள் தெருவுக்கு லாரியும் வரவில்லை.

இரண்டாவது வாரம் எனக்குச் சந்தேகம் வந்தது. அந்த மிருதங்கக்காரன் கோர்வைக்கு முன்னால் இடது காதைச் சொறிந்தான். மூன்றாவது வாரம் அவள் வில்லை முந்தானையால் இரண்டு தடவை துடைத்தாள். அந்த வீட்டு ஊஞ்சல் கூட எங்கள் ஊஞ்சல் மாதிரியே கிறீச்சிட்டது. அதற்குள் தெருவுக்கே தெரிந்துவிட்டது. குழாயடியில் ஒரு பெண், "உங்க மனசுக்குள்ள இவ்வளவு இருக்குன்னு எங்களுக்குத் தெரியாமப் போச்சே டீச்சர்" என்றாள். எனக்கும் தெரியாமல்தான் இருந்தது.

மகளுக்கு மட்டும் வருத்தம். "நம்ம வீட்டு ஊஞ்சல் வந்திருக்கு. நான் வரலையே" என்றாள். காதலர்களுக்கு ஒன்பதாவது படிக்கிற பிள்ளை இருந்தால் கதை நிற்காது என்று அவளுக்கு எப்படிச் சொல்வது.

என் வீட்டுக்காரருக்கு விஷயம் ஆபீசில் தெரிந்திருக்கிறது. மேனேஜர் சத்தம் போட்டு வாசிக்க, மற்றவர்கள் வேலையை விட்டுவிட்டுக் கேட்டிருக்கிறார்கள். அன்று சாயங்காலம் பத்திரிகையைச் சுருட்டிக் கையில் பிடித்துக்கொண்டு வந்தார். மகளைக் கூப்பிடவில்லை. நேராக அடுப்படி வாசலில் வந்து நின்றார்.

"ஏட்டி, கோர்வை முடியுறப்போ நான் உன் முகத்தையா பாக்குதேன்?"

அத்தனை மாதத்துக்குப் பிறகு அவர் என்னிடம் பேசிய முதல் வார்த்தை இது.

"எனக்கு எப்படித் தெரியும்? நான் தாளத்தைல்ல பாத்துக்கிட்டு இருப்பேன்."

"நான் பாடகர் வாயைத்தான் பாப்பேன். எப்ப எடுப்பாருன்னு தெரியணும்ல."

"அதை மாடியில போய்ச் சொல்லிட்டு வாங்க."

மாடிப்பக்கம் நிமிர்ந்து பார்த்தார். "சொன்னா எழுதுறதை நிப்பாட்டிருவாரு. ஆபீஸ்ல எல்லாரும் படிக்குதாவ" என்றார்.

அன்றைக்குத் தட்டில் சோறு போட்டுவிட்டு நானே கூப்பிட்டேன். அவரும் வந்து உட்கார்ந்தார். பத்திரிகைக் கதையில் வந்த இருவரும் பேசாமலே இருந்த நாட்களில் நாங்கள் பேசிக்கொள்ள ஆரம்பித்துவிட்டோம். மாடியில் இருந்தவருக்கு இது தெரியாமல் பார்த்துக்கொண்டோம். அவர் மனசு ஏன் கெட வேண்டும்.

அதற்கடுத்த வாரம் எட்டயபுரம் பக்கத்தில் ஒரு கோவில் கச்சேரி. தனி நடந்துகொண்டிருந்தது. நான் தாளம் போட்டுக்கொண்டிருந்தேன். கோர்வை நெருங்கும்போது நிமிர்ந்து பார்த்தால், அவர் என்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். பத்திரிகையில் எழுதியிருந்த மாதிரியே, தலையைக் கொஞ்சம் சாய்த்து. அந்த ஞாபகத்தில் கோர்வை அரை அட்சரம் தள்ளிப்போய் விழுந்தது. பாடகர் திகைத்துப்போய் வரியை எங்கே எடுப்பது என்று தெரியாமல் நின்றார். முன்வரிசையில் இருந்தவர்கள் கை தட்டினார்கள். இரண்டு பெண்கள் கண்ணைத் துடைத்தார்கள். நான் வயலினில் முகத்தைப் புதைத்துக்கொண்டு சிரிப்பை அடக்கினேன். அதையும் யாரோ அழுகை என்று எடுத்துக்கொண்டார்கள்.

நாங்கள் சுமாரான வித்வான்கள். அதில் எனக்குச் சந்தேகம் இருந்ததில்லை. ஆனால் அந்த வருஷம் எங்களைக் கூப்பிடாத கல்யாணம் இல்லை. விளாத்திகுளம், புதூர் வரைக்கும் போனோம். வந்தவர்கள் பாட்டைக் கேட்கவில்லை. நாங்கள் ஒருவரை ஒருவர் பார்க்கிறோமா என்று பார்த்தார்கள். பாடகருக்குத்தான் எரிச்சல். "நான் நடுவில எதுக்கு உக்காந்திருக்கேன்" என்று கேட்டேவிட்டார்.

பிறகு கதையில் மிருதங்கக்காரனுக்குக் காய்ச்சல் வந்தது.

ஊரில் என் வீட்டுக்காரரைப் பார்க்கிறவர்கள் எல்லாம் உடம்பு எப்படி என்று கேட்க ஆரம்பித்தார்கள். கேட்கக் கேட்க அவருக்கே லேசாகத் தலை வலித்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் மாடிக்கு ஏறிப் போனார். எனக்கும் பயமாக இருந்ததால் பின்னாலேயே போனேன்.

"சார், என்னைக் கொன்னுபோடப் போறீயளா?"

ஆபீசர் பதறி எழுந்தார். "ஐயோ, அது நீங்க இல்லை அண்ணாச்சி. அது கற்பனை."

"நான் இல்லைன்னா சரி. அப்ப எதுக்குத் தெருவில எல்லாரும் எனக்குக் கஷாயம் சொல்லுதாவ?"

"கதை அப்படித்தான் போகுது. என் கையில இல்லை."

"உங்க கையிலதான சார் பேனா இருக்கு?"

என் வீட்டுக்காரர் கொஞ்சம் இறங்கி வந்தார். "சரி, சாகட்டும். ஐப்பசி கழியட்டும். ரெண்டு கல்யாணம் ஒத்துக்கிட்டிருக்கேன். செத்தவனைக் கூப்பிட யோசிப்பாவ."

ஆபீசர் ஐப்பசி வரைக்கும் காத்திருக்கவில்லை. புரட்டாசியிலேயே ஆளை முடித்துவிட்டார்.

அந்த வாரம் நான் குழாயடிக்குப் போனபோது பெண்கள் வரிசையில் இருந்து விலகி எனக்கு வழிவிட்டார்கள். "நீங்க மொதல்ல பிடிங்க டீச்சர்" என்றார்கள். ஒருத்தி என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். நான் இரண்டு குடம் தண்ணீரோடு வீட்டுக்கு வந்தால், செத்துப்போனவர் ஊஞ்சலில் உட்கார்ந்து இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

கதையின் முடிவில் அவள் வயலினைக் கொண்டுபோய் ஆற்றில் விடுகிறாள். அதன்பிறகு வாழ்நாள் முழுக்க வாசிப்பதில்லை. என் வீட்டுக்காரர் அந்தப் பக்கத்தை இரண்டு தடவை படித்தார்.

"வயலினை ஆத்தில விடுதாளே, கிறுக்கச்சி."

"அவ்வளவு பிரியம்."

"நான் போனா நீ விடுவியா?"

"எங்கன விட? நம்ம ஓடையில என்னைக்குத் தண்ணி வந்திருக்கு?"

அவர் சிரித்தார். எனக்கு ஞாபகம் இருக்கும் அவருடைய பெரிய சிரிப்புகளில் அது ஒன்று.

ஆபீசர் மறுவருஷம் கோயம்புத்தூருக்கு மாற்றலாகிப் போனார். தொடர்கதை புத்தகமாக வந்தது, ஏதோ பரிசும் கிடைத்தது. ஒரு பிரதியை எங்களுக்கு அனுப்பிவைத்தார். தீப்பெட்டி முதலாளியின் மனைவி பத்துப் பிரதி வாங்கித் தெரிந்தவர்களுக்கெல்லாம் கொடுத்தார். நாவலில் அவன் கடைசி வரை அவளிடம் பேசவே இல்லை. என் வீட்டுக்காரர் அதற்குப் பிறகு பேச்சை நிறுத்தவே இல்லை. சாப்பிடும்போது பேசினார், சாதகத்தின் நடுவே பேசினார். பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரருக்கும் கேட்கும்படி பேசினார். வாயை மூடுங்கள் என்று நான் எத்தனை தடவை சொல்லியிருக்கிறேனோ.

இரண்டாயிரம் பிறந்து சில வருஷங்கள் கழித்து ஒரு காலை நேரம். ஆபீசில் கணக்கெழுதிக்கொண்டிருந்தவர் தண்ணீர் கேட்டிருக்கிறார். கொண்டுவந்து கொடுப்பதற்குள் மேசைமேல் சாய்ந்துவிட்டார். அன்றைக்கு என் பீரியடை விட்டுக்கொடுக்காமல் நானே பாட்டுச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். கணக்கு டீச்சர் வந்து வாசலில் நின்றார். இன்றைக்குத் தரமாட்டேன் என்று சொல்ல வாயெடுத்தவள், அவர் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டேன். நான் ஆஸ்பத்திரிக்குப் போனபோது எல்லாம் முடிந்திருந்தது.

நாவலில் அவன் செத்தபிறகு அந்த வீட்டில் இருந்த மௌனத்தைப் பற்றி ஆபீசர் பத்துப் பக்கம் எழுதியிருந்தார். அவ்வளவு அழகாக எதுவும் இருக்கவில்லை. வீட்டில் பேச்சில்லை, அவ்வளவுதான். சோறு வடிக்கும்போது அடுப்படி வாசலைத் திரும்பித் திரும்பிப் பார்த்தேன்.

மகள் மதுரையில் வேலை பார்த்தாள். லீவு போட்டுவிட்டு வந்து என்னோடு இருந்தாள். முதலாளி வீட்டுக் கல்யாணம் அடுத்த மாதம் இருந்தது. அவர் இருந்தபோதே ஒத்துக்கொண்ட கச்சேரி. நான் வருகிறேன் என்று பாடகருக்குப் போனில் சொல்லிவிட்டேன். தூத்துக்குடியில் இருந்து வேறொரு மிருதங்கக்காரரை ஏற்பாடு செய்வதாக அவர் சொன்னார்.

இரண்டு நாளில் முதலாளி வீட்டில் இருந்து ஆள் வந்தது. "அம்மா சொல்லச் சொன்னாவ. உங்களுக்கு மனசு கஷ்டமா இருக்கும். கதையில வர்றாப்பில இனிமே வாசிக்க உங்களுக்குத் தோணாதுன்னு அம்மாவுக்குத் தெரியும். வேற வயலின் பாத்துக்கிடுதோம்னு சொன்னாவ."

எனக்குத் தோன்றுகிறது, வருகிறேன் என்று சொல்லி அனுப்பினேன். மறுபடியும் அதே ஆள், அதே வார்த்தையோடு வந்தார். தாலி இல்லாதவளை மேடையில் உட்காரவைக்க அவர்களுக்குத் தயக்கம். அதை நேராகச் சொல்லத் தெரியாமலா இருக்கும். சொல்வதற்கு ஒரு நல்ல நாவல் கையில் இருந்ததால் அதை வைத்துச் சொன்னார்கள். கதையில் அவள் தானாக வயலினை விட்டாள். ஊர் என்னை விடவைக்கப் பார்த்தது, அதையும் என் பிரியத்தின் பேரிலேயே செய்யப் பார்த்தது.

அந்தச் சமயத்தில்தான் ஆபீசர் துக்கம் கேட்க வந்தார். ரிட்டையர் ஆகியிருந்தார், தலை முழுக்க நரைத்துவிட்டது. உட்கார்ந்ததும் அழுதார்.

"நான் அப்படி எழுதியிருக்கக் கூடாது டீச்சர்."

"உங்க கதையில காய்ச்சல் சார். இவியளுக்கு நெஞ்சுவலி. உங்க மேல கேஸ் நிக்காது" என்றேன்.

துக்கம் கேட்க வந்தவரைத் தேற்றி, மகளைக் காபி போடச் சொன்னேன். குடித்துவிட்டு, "என்னால ஆகக்கூடியது எதுவும் இருந்தாச் சொல்லுங்க" என்றார். எல்லோரும் சொல்வதுதான். ஆனால் இவரால் ஆகக்கூடியது ஒன்று இருந்தது. விஷயத்தைச் சொன்னேன். அவர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு எழுந்தார். "வாங்க, போவோம்" என்றார்.

முதலாளியம்மாவுக்கு அவரைப் பார்த்ததும் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. கல்யாண வேலையை எல்லாம் விட்டுவிட்டு வந்து எதிரே உட்கார்ந்தார். "உங்க கதையைப் படிச்சிட்டு எனக்குச் சாப்பாடே இறங்கலை சார். அந்த முடிவு இருக்கே…"

"அந்த முடிவு தப்பும்மா" என்றார் ஆபீசர்.

"தப்பா?"

"ஆமா. எப்படி முடிக்கிறதுன்னு எனக்குத் தெரியலை. பத்திரிகையில அவசரப்படுத்தினாங்க. ஆத்தில விட்டுட்டேன். இவங்க மாதிரி ஒருத்தங்க வாசிக்கிறதை விடவே மாட்டாங்க. விட்டா என்ன ஆவாங்கன்னு நான் யோசிக்கலை."

முதலாளியம்மா என் பக்கம் திரும்பினார். "அப்படியா டீச்சர்?"

"அதைத்தாம்மா நானும் ரெண்டு தடவை சொல்லி அனுப்பினேன்."

"நீங்க சொன்னது வேற. எழுதினவியளே சொல்லுதாவல்ல."

என் வயலினைப் பற்றி என் பேச்சு எடுபடவில்லை. எழுதியவர் பேச்சு எடுபட்டது. முதலாளியம்மா கொஞ்சம் யோசித்துவிட்டு, முகூர்த்தம் வேறு, வரவேற்பு வேறு, வரவேற்புக்கு ஒரு சாஸ்திரமும் கிடையாது என்று தானே ஒரு வழி கண்டுபிடித்தார். நான் நன்றி சொன்னேன். வெளியே வந்ததும் ஆபீசருக்கும் சொன்னேன். அவர், "இதை எழுதியிருக்கணும்" என்றார். எழுத வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன்.

வரவேற்பு அன்று மண்டபம் நிறைய ஜனம். மெல்லிசைக்கு முன்னாலேயே இவ்வளவு கூட்டம் வந்து நான் பார்த்ததில்லை. முதலாளியம்மா முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். நான் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தபோதே அழ ஆரம்பித்துவிட்டார். தூத்துக்குடிக்காரர் யாரையும் நிமிர்ந்து பார்க்காமல் வாசித்தார். கணக்குப் பிசகாத கை. கச்சேரி நேரத்துக்கு முடிந்தது, பந்தி நேரத்துக்கு ஆரம்பித்தது.

முதலாளியம்மா தன் கையாலேயே தாம்பூலப் பையைக் கொடுத்தார். வீட்டுக்கு வந்து பிரித்தோம். தேங்காய், பழம், வெற்றிலை, கடலைமிட்டாய்ப் பொட்டலம் எல்லாம் இருந்தன. குங்குமத்தை மட்டும் யாரோ ஞாபகமாக எடுத்திருந்தார்கள். மகள் அதைக் கவனித்துவிட்டுப் பையை மடித்தாள். பிறகு பேச்சை மாற்றுவதற்காகக் கேட்டாள்.

"புது மிருதங்கம் எப்படிம்மா? அப்பா மாதிரி வாசிச்சாரா?"

"இல்லட்டி. சரியா வாசிச்சாரு" என்றேன்.

அவள் சிரித்துவிட்டாள். எனக்கும் சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டே இருந்தவள் எந்த இடத்தில் அழ ஆரம்பித்தேன் என்று எனக்குத் தெரியவில்லை. அவர் போனதில் இருந்து நான் அழவில்லை என்பதும் அப்போதுதான் ஞாபகம் வந்தது. மகள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, அழுது முடிக்கிற வரைக்கும் காத்திருந்தாள்.